புள்ளிக்குப் பின் மூன்று

சிலிம் ரிவர் ஆஸ்பத்திரியில்
பதிவேட்டு அறைக்குச் சன்னல் கிடையாது.
மழை பெய்தால் மேலே தகரம் சொல்லும்.
நேற்று இரவெல்லாம் சொல்லிற்று.
காலையில் என் மேசைமேல்
ஐந்து மோட்டார் சைக்கிள்கள்,
மஞ்சள் அட்டைக்குள் மடங்கி.

விழுந்தவர்களுக்கு எண் போடுவது என் வேலை.
நாய் குறுக்கே வந்தால் வி இருபது.
செம்பனைப் பழம் ஏற்றிய லாரி என்றால் இருபத்து நான்கு.
தோட்டத்து முனையின் மின்கம்பம், எத்தனை பேரைப் பார்த்ததோ,
அது இருபத்தேழு.
எதிலும் மோதாமல்
ஈர மட்டையில் சறுக்கித் தானாக விழுந்தால்
இருபத்தெட்டு.
அப்புறம் ஒரு புள்ளி.
புள்ளி தாண்டித்தான் கேள்வியே:
ஓட்டியவரா, பின்னால் உட்கார்ந்து வந்தவரா?
நான்கா, ஐந்தா?

டாக்டர்கள் அதை எழுதுவதில்லை.
'மோட்டார் விபத்து' என்று கிறுக்கிவிட்டு
அடுத்த கட்டிலுக்குப் போய்விடுகிறார்கள்.
நான் காயங்களைப் படித்துக் கண்டுபிடிப்பேன்.
வலது கெண்டைக்கால், உட்புறம்,
புகைக்குழாய் கையெழுத்துப் போடும் இடம்.
அது இருந்தால் பெரும்பாலும் ஐந்து.
எனக்கும் அங்கே ஒன்று உண்டு,
கத்தரிப்பூ நிறத்தில், மூடிய கண் மாதிரி.
யார் வண்டி என்று இங்கே சொல்வதாக இல்லை.

ஐந்தாவது அட்டை.
குணவதி எல்லப்பன். முப்பத்தாறு.
தோட்டத்தில் மருந்தடிக்கும் வேலை.
இடது கணுக்கால் வெளி எலும்பு முறிவு.
'கணவர் ஓட்டிய வண்டியிலிருந்து விழுந்ததாகத் தகவல்.'
தகவல் கொடுத்தவர்: கணவர்.
அதே பக்கத்தின் ஓரத்தில்
நர்ஸ் ரொஹானியின் நீல மையில், மலாயில், ஒரு வரி:
நோயாளி சொல்கிறார், இறங்கினேன் என்று.

ஐந்து போட்டுவிடு என்றார் என்சிக் ஸுல்கிஃப்லி.
மாதக் கணக்கு இன்று மூன்று மணிக்கு மூடுகிறது.

சாப்பாட்டு நேரத்தில் மூன்றாம் வார்டுக்குப் போனேன்.
எங்கள் வேலையில் அப்படிப் போகும் வழக்கமில்லை.
மாவுக்கட்டுக் கால் தலையணைமேல் உயர்ந்திருக்க
அணைந்த கைப்பேசியைத்
திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

'விழுந்தீங்களா?'

'தண்ணி போட்டுட்டு வந்தாரு. வேகம் வேற.
நிப்பாட்டுங்கன்னேன். மூணு தடவ.
ஆத்துப் பாலத்து வளைவுல கொஞ்சம் மெதுவாப் போச்சு.
இறங்கிட்டேன்.'

'ஓடுற வண்டியிலயா?'

'அது நிக்கவே இல்லையே, அக்கா.
அவரு நம்ம வீட்டு லயம் வரைக்கும்
என்னோட பேசிக்கிட்டே போயிருக்காரு.'

சிரிக்கலாமா என்று அவள் முகத்தைப் பார்த்தேன்.
அவளும் என் முகத்தைப் பார்த்தாள்.
பிறகு சார்ஜர் இருக்கிறதா என்று கேட்டாள்.
என்னுடையதை எடுத்துக் கொடுத்தேன்.

புத்தகத்தில் நான்குக்கு முந்தின வரி மூன்று:
ஏறும்போதோ இறங்கும்போதோ காயமுற்றவர்.
பதினேழு வருடத்தில் இரண்டு முறை போட்டிருப்பேன்.
அதில் ஒன்று, செருப்பு வார் மாட்டிக்கொண்ட
பள்ளிக்கூடத்துப் பையனுக்கு.
வண்டி நின்றிருந்ததா, ஓடிக்கொண்டிருந்ததா
என்று அந்த வரி கேட்கவில்லை.
நான் மறுபடி மறுபடி படித்துப் பார்த்தேன்.
கேட்கவே இல்லை.

வி இருபத்தெட்டு புள்ளி மூன்று.
உறுதியா என்றது கணினி.
எதை அழுத்தினாலும் அப்படித்தான் கேட்கும் அது.
இரண்டு ஐம்பத்தைந்துக்கு அனுப்பினேன்.
மேலே யாரோ ஒருவர் திருத்தக்கூடும்.
திருத்தட்டும். என் கையெழுத்து கீழே இருக்கிறது.

ஐந்தேகாலுக்கு
ஆஸ்பத்திரி வாசலில் ஹாரன் அடித்தது,
எனக்கான வண்டி.
தூறல் விட்டிருந்தது. சாலை இன்னும் பளபளத்தது.
ஏறு, ஏறு, என்ன நிக்கிற என்றார்.

தலைக்கவசத்தின் வாரை
மாட்டினேன், கழற்றினேன்,
இன்னொரு முறை மாட்டினேன்.