கையாட்டு

மருத்துவமனைச் செவிலி தந்த தாளில்
எட்டாவது வரி:
தினமும் கால் மணி நேரம்
குழந்தைக்குப் பாடுங்கள்.
இங்கா அதை வாசித்துவிட்டு
என் முகத்தைப் பார்த்தாள்.
நான் தாளை நாலாக மடித்து
கதைப்புத்தகத்தில் அடையாளமாகச் செருகினேன்.
இன்னும் அங்கேதான் இருக்கிறது,
கரடி படகைத் தொலைக்கும் பக்கத்தில்.

தால் என்பது நாக்கின் பழைய பெயர்.
அதை ஆட்டினால் தாலாட்டு.
என்னுடையது சும்மா கிடக்கிறது வாயில்,
கம்பு ரொட்டிக்கும் காப்பிக்கும் மட்டும்.
எனக்கு எல்லாம் கைதான்.
பகலில் ஓவ்லுத் துறைமுகச் சாலையில்
கார்களுக்குக் குளிர்கால டயர் மாட்டுவேன்.
இரவு எட்டு மணிக்கு
பத்து விரலையும் சோப்புப் போட்டுக் கழுவிக்கொண்டு
கரடியாக வேண்டும்.

புத்தகம் பிடிக்கக் கை மிச்சமில்லை.
முழங்கால்களுக்கு நடுவே நிறுத்தி
துணிக் கிளிப் இரண்டு மாட்டி
பிஹ்லாவை எதிரே உட்கார வைப்பேன்.
மடியில் வைத்தால் என் முகம் அவளுக்குத் தெரியாது,
பாதிக் கதை புருவத்தில் இருக்கிறது.
சில நாள், ஒரு சொல்லின் நடுவிலேயே
என் கட்டைவிரலைப் பிடித்துக்கொள்வாள்.
கரடி அப்படியே நிற்கும்,
ஒரு காலைத் தூக்கியபடி.

மற்ற வீடுகளில் பிள்ளைகள்
கண்ணை மூடிக்கொண்டே கதை கேட்கிறார்களாம்.
இங்கே இமை விழுந்தால் கதை விழுந்தது.
அது அவளுக்குத் தெரியும்.
இரண்டு கையாலும் இமைகளைத் தூக்கிப் பிடித்துக்கொள்வாள்,
'அப்புறம்?' என்று கேட்கக் கை இல்லாமல்
காலால் என்னை உதைப்பாள்.

ஜூனில் கவலையில்லை.
நள்ளிரவிலும் வெளிச்சம் ஜன்னலில் நிற்கும்,
நகக்கண்ணில் மிஞ்சிய ரப்பர்க் கறுப்பு வரை தெரியும்.
டிசம்பரில் விளக்கு வேண்டும்.
எரிந்தால் அவள் தூங்கமாட்டாள்,
அணைத்தால் எனக்குப் பேச்சில்லை.

அந்த வியாழக்கிழமை இங்காவுக்கு இரவு ஷிஃப்ட்.
பனிப்புயலில் எங்கோ ஒரு கம்பி அறுந்து
தெரு முழுக்க மின்சாரம் போனது.
கரடி அப்போது
உறைந்த ஏரியின் நடுவில்.
பனி தள்ளும் வண்டி கீழே போனதைத்
தரை என் பாதத்துக்குச் சொன்னது.
அவள் அழுகிறாளா என்று தெரியவில்லை.
கன்னத்தைத் தடவிப் பார்த்தேன், காய்ந்திருந்தது.
அவள்தான் என் மணிக்கட்டைத் தேடிப் பிடித்தாள்.
என் கைகள்மேல் தன் கைகளைக் கவிழ்த்தாள்,
குதிரை ஏறுகிறவள்போல.
நட என்று தட்டினாள்.

நடந்தேன்.
ஏரி மெல்ல விரிசல் விட்டது,
அவள் உள்ளங்கைகளும் சேர்ந்து விலகின.
படகு கிடைத்தது,
குட்டி விரல்களும் துடுப்புப் போட்டன.
புத்தகத்தில் இல்லாத ஒரு தீவையும் சேர்த்தேன்,
இருட்டில் யார் பக்கம் புரட்டிப் பார்க்கப் போகிறார்கள்.
தீவில் பாதி தூரம் போனபோது அவள் கை கனத்தது,
நனைந்த கையுறைபோல.
நான் கையை எடுக்கவில்லை.
கரடிக்கும் வேறு வழியில்லை.
விளக்கு திரும்பி வந்து முகத்தில் அடிக்கும்வரை
மூன்று பேரும் அப்படியே இருந்தோம்.

நான் முனகுவதும் உண்டு.
அவள் காதை என் நெஞ்சில் அழுத்தும்போது
எலும்புக்குள் ஏதோ நடுங்கும்.
அதுதான் என் பாட்டு போலிருக்கிறது.
எப்படி இருக்கிறது என்று ஒருநாள் கேட்டேன்.
யோசித்தாள்.
சமையலறைக்கு இழுத்துக்கொண்டு போய்
ஃப்ரிட்ஜைக் காட்டினாள்.
இங்கா சிரித்த சிரிப்பில் மேஜை குலுங்கியது.
எனக்குக் கொஞ்சம் வருத்தம்தான்.

போன மாதம் அவளை முதல்முறையாக
இங்காவின் தங்கை சிர்க்கு வீட்டில்
ஓர் இரவு விட்டோம்.
காலையில் சிர்க்கு படம் அனுப்பினாள்.
நட்சத்திரப் போர்வை விரித்த கட்டில், காலி.
அடுத்த படம்:
சமையலறைத் தரை, ஒரு தலையணை,
ஃப்ரிட்ஜ் கதவில் முதுகை ஒட்டிக்கொண்டு
வாய் பிளந்து தூங்குகிற
என் மகள்.