அடித்தல் திருத்தல்

வாயு பவன், மூன்றாம் மாடி.
ஜன்னலுக்கு வெளியே ஒரு வேம்பு, அதில் குரங்குகள்.
இருபத்தாறு வருஷம் அங்கே சுருக்கெழுத்து எழுதினேன்.
விமானத்தில் ஏறியது ஒரே ஒருமுறை,
அப்பா தவறிய அன்று, சென்னை வரை,
அதுவும் நடு இருக்கை.

எட்வின் பொன்னையா சாரை
முதலில் நான் தாளாகத்தான் பார்த்தேன்.
விங் கமாண்டர்.
பறந்த மணி இரண்டாயிரத்து நூற்றுப் பதினேழு.
ஒருமுறை எரிகிற விமானத்திலிருந்து எகிறித் தப்பியதில்
முதுகெலும்பு நசுங்கி
உயரம் ஒன்றரை சென்டிமீட்டர் குறைவு.
'அதிகம் பேசமாட்டார்' என்று
ஒரு மேலதிகாரி குறையாக எழுதியிருந்தார்.
அடுத்த வருஷம் வேறொருவர்
அதையே நிறையாக.

குரூப் கேப்டன், ஏர் கமடோர்.
தோளில் பட்டை தடிக்கத் தடிக்க
பறந்த மணி மெலிந்துகொண்டே வந்தது.
கடைசி மூன்று வருஷத்துக்கும் சேர்த்துப் பதினொன்று.
பாக்கியெல்லாம் கோப்பு.

ஏர் வைஸ் மார்ஷலாக எங்கள் மாடிக்கு வந்தபோது
தாளைவிடக் குள்ளமாக இருந்தார்.
டிக்டேஷன் இங்கிலீஷில்.
பேனா மக்கர் செய்தால் மட்டும்
தூத்துக்குடித் தமிழ்.

அது ஜூன். நாற்பத்தாறு டிகிரி.
ஏர்கண்டிஷனர் தண்ணீர் ஒழுகி
என் காலடியில் பிளாஸ்டிக் வாளி.
விபத்து விசாரணைக் கோப்பு வந்திருந்தது.
ஃப்ளைட் லெப்டினன்ட் ஹர்ஷத் போர்க்கர்,
வயது இருபத்தாறு,
பறந்த மணி நானூற்று மூன்று.
சார் தன் கருத்தைச் சொல்லச் சொல்ல எழுதினேன்.
கடைசியில் ஒரு வாக்கியம்:
இன்ஜின் தகடுகளை மாற்றச் சொல்லி வந்த கடிதத்தை
மூன்று முறை தள்ளிப்போட்டது
இதே கட்டடம்.

முற்றுப்புள்ளி வைக்கிறேன், போன் அடிக்கிறது.
எழுந்து நின்று பேசினார்.
அவர் எழுந்து நின்றால்
மறுமுனையில் யார் என்று
யாரும் கேட்க வேண்டியதில்லை.
"சார்" என்றார். கொஞ்சம் கழித்து, "சார்."
பிறகு உட்கார்ந்தார்.

பேனா ஒழுங்காகத்தான் எழுதியது,
ஆனாலும் தமிழில் சொன்னார்:
"அந்தக் கடைசி வரிய அடிச்சிருங்க மேடம்."

டைப் அடிப்பதா, கோடு போட்டு அடிப்பதா?
எனக்குத் தெரியும். தெரிந்தும் கேட்டேன்.
குரங்கு ஒன்று கம்பிக்கு வெளியே
யாருடைய டிபனையோ பிரித்துக்கொண்டிருந்தது.
அதையே பார்த்தார்.
ஓடுதளத்தில் அவ்வளவு நேரம் யோசித்தால்
விமானம் வேலியில் மோதியிருக்கும்.

"கோடு" என்றார்.

விமானியின் தவறு என்று முடிந்தது அறிக்கை.
மூன்று பிரதி, அடித்தல் திருத்தல் இல்லாமல்
சுத்தமாக அடித்துக் கொடுத்தேன்.
நோட்டை விதிப்படி எரித்தாயிற்று,
சாட்சிக் கையெழுத்துகூட உண்டு.
அக்டோபரில் அவர் ஏர் மார்ஷல்.
காரில் மூன்றாவது நட்சத்திரம்,
எங்களுக்கு ஆளுக்கு அரைக்கிலோ காஜு பர்ஃபி.
சம்பந்தம் உண்டு என்று நான் சொல்லவில்லை.
அந்த வருஷம் நாலு பேர் ஆனார்கள்.

ஆனால் சரோஜினி நகர் போகிற பஸ்ஸில்
என் விரல் சும்மா இருக்காது.
கைப்பையின் மேல், முழங்காலில்,
ஜன்னல் தூசியில்,
அந்த வரியைப் போட்டுக்கொண்டே இருக்கும்.
சுருக்கெழுத்தில் பதினான்கு கீற்று.

ஓய்வு பெற்ற நாள்,
மாலையும் கைகுலுக்கலும் முடிந்து
என் மேஜைக்கு வந்தார்.
"அந்தப் பையன் வீட்டு விலாசம் இருக்குமா?"
எந்தப் பையன் என்று இந்தமுறை கேட்கவில்லை.
சீட்டில் எழுதிக் கொடுத்தேன்: நாசிக் ரோடு,
தபால் நிலையத்துக்கு எதிர்ச்சந்து.
நாலாக மடித்து
மெடல் பட்டைகளுக்குக் கீழே
பைக்குள் வைத்துப் பொத்தானைப் போட்டார்.

போனாரோ, தெரியாது.
சீட்டின் பின்பக்கம்
பதினான்கு கீற்று போட்டிருந்தேன்.
அவருக்குச் சுருக்கெழுத்து தெரியாது.
நாசிக்கில் யாராவது படித்திருப்பார்கள்.