நெல்லளவு

பதினேழு தப்படி ஓட்டம்,
பதினெட்டாவது பலகை மேல்.
தூக்கத்திலும் என் கால் எண்ணும்.
சூரமங்கலம் ரயில்வே குவார்ட்டர்ஸில்
வீட்டுக்காரர் சுவரோரம் ஒதுங்கிப் படுப்பது
அதனால்தான்.

கருப்பூர் வெள்ளைக்கல் சுரங்கத்துக்கு
அப்பா லாரி ஓட்டினார்.
கழித்துக் கொட்டிய மண்மேட்டில்
முதலில் குதித்தேன்.
முழங்கால்வரை வெளுத்து வந்தால்
அம்மா கேட்பாள்:
பள்ளிக்கூடம் போனியா,
ஜவ்வரிசி ஆலைக்குப் போனியா?

அடிவாரத்திலிருந்து ஐந்தாம் வளைவு வரை
விடிவதற்குள் ஏறி இறங்குவேன்.
ஏற்காடு முதல் பஸ் கண்டக்டர்
படியில் தொங்கியபடி கத்துவார்,
"ஏறிக்கோம்மா, டிக்கெட் வேணாம்."
ஒரே ஒரு நாள் ஏறிக்கொண்டேன்.
காய்ச்சல். அதையும் சொல்லிவிடுகிறேன்.

பத்தொன்பது வயதில் ராஞ்சி.
முந்தின இரவு என் ஸ்பைக்ஸ் வாய்பிளக்க
தில்ஷாத் தன்னுடையதைத் தந்தாள்.
ஒரு சைஸ் பெரிது. நுனியில் பஞ்சு திணித்தோம்.
ஒலிபெருக்கிக்காரர்
அமலோற்பவம் என்ற பெயரை
மூன்றாக உடைத்தார்:
அமல். ஓர். பாவம்.
தமிழ்நாட்டு வரிசை மட்டும் சிரித்தது.

தத்தினேன்.
எட்டி வைத்தேன்.
தாவினேன்.
மணல் வரவே இல்லை,
வெகுநேரம் வரவே இல்லை.
எழுந்தபோது
முதலிடத்தில் இருந்தவளின் வாய் திறந்திருந்தது.
பிறகுதான் சிவப்புக் கொடி.

பலகை விளிம்பின் களிமண்ணில்
ஒரு நெல்லளவு தடம்.
குனிந்து பார்த்தேன்.
என் விரல் இல்லை அது,
விரலுக்கு முன்னால் இருந்த பஞ்சு.
யாரிடம் சொல்ல?
சட்டப்படி பஞ்சும் நான்தான்.
ஒரு பையன் வந்து
டீக்கடை மேசையைத் துடைப்பதுபோல
இரண்டே இழுப்பில் மணலைச் சமமாக்கினான்.

அதற்குப் பிறகு எல்லாவற்றையும் அளந்தார்கள்.
பன்னிரண்டு மீட்டர் எண்பத்தேழு:
வெண்கலம், ஜங்ஷனில் முன்பதிவு வேலை.
பன்னிரண்டு நாற்பது: ஆறாம் இடம்.
தசைநார் அறுந்த முழங்காலில் தையல்:
ஒன்பது சென்டிமீட்டர்.
கவுண்டர் கண்ணாடிக்கு அப்பால் யாராவது
"எவ்வளவு தூரம்மா?" என்று கேட்டால்
கிலோமீட்டரில் சொல்கிறேன்.

இன்று மாவட்டப் போட்டி, காந்தி மைதானம்.
பலகைக்குப் பக்கத்தில் பிளாஸ்டிக் நாற்காலி,
மடியில் வெள்ளையும் சிவப்பும்.
களிமண்ணை நானே ஈரம் பார்த்துத் தடவியிருந்தேன்.
மார்பு எண் 214, வாழப்பாடிப் பள்ளி,
ஓடி வந்தாள், மிதித்தாள், போனாள்,
போய்க்கொண்டே இருந்தாள்.
குனிந்தேன்.
ஒரு நெல்லளவுகூட இல்லை, அரிசி நொய்.

கை தானாக உயர்ந்தது. சிவப்பு.
அவள் என்னைப் பார்க்கவில்லை.
திரும்பி நின்று
மணலில் தன் குதிகால் குழியைப் பார்த்தாள்.

வாருகோலோடு வந்தவரை
"இருங்க" என்றேன்.
"எதுக்கு மேடம்?"
பதில் இல்லை என்னிடம்.
அடுத்த பெண் ஓடுதளத்தில் காத்திருந்தாள்,
மைக்கில் யாரோ அவசரப்படுத்தினார்கள்.
அந்தப் பிள்ளை பார்த்து முடிக்கட்டும் என்று
பேனா மூடியைத் தேடுவதுபோல் தேடினேன்.

பிறகு இழுக்கச் சொல்லிவிட்டு
தாளில் அவள் எண்ணுக்கு நேரே
பெருக்கல் குறி போட்டேன்.