பூட்டுத் துளைகள்

கடைசிக் குன்றுக்கு இருநூற்றுப் பன்னிரண்டு படிகள்.
மேலே போய் மூச்சு வாங்கியபோதுதான் புரிந்தது
வால்பரைசோவின் காவல் சாவடி
ஏன் கீழேயே நின்றுவிட்டதென்று.

என் வரைபடத்தில் திருட்டு ஒவ்வொன்றும் ஒரு சிவப்புப் புள்ளி.
பதினோரு வருடக் கணக்கு.
கிழக்குச் சரிவு முதலில் அம்மை போட்ட முதுகாயிருந்தது;
வருடா வருடம் தேறி
இப்போது துடைத்துக் கவிழ்த்த தட்டு.
தெருவிளக்குகளின் புண்ணியம் என்றார் பேராசிரியர்.

நூலகத்தில் பொடிந்துபோன நாளேடுகள்.
ஒரு தையல் இயந்திரம், இரண்டு கோழி,
மாலுமி ஒருவனின் மேல்சட்டை
களவுபோனதாய் மூன்று வரி.
அதே சந்து, அதே 47.
பூகம்பத்துக்குப் பின் கதவெண்கள் மாறின என்றது
மறுவாரத்து இதழ்.
ஆக, அதே 47 அல்ல. அடித்தேன்.

இன்றைய 47-இல் ஒதிலியா பர்ரியெந்தோஸ்,
பள்ளி வேன் ஓட்டுகிறவள்.
"முதல் தடவை டிவி.
ஆறு வாரம் கழித்து, தவணையில் வாங்கிய புது டிவி.
அட்டைப் பெட்டியை வாசலில் போட்டது என் தப்பு."
மூன்றாவது, எரிவாயு உருளை.
நான்காவதைச் சொல்லவில்லை.
புறங்கையால் காற்றைத் தள்ளினாள்.

என் பட்டியலில் முதல் இரண்டுதான்.
"சாவடியை மூடிவிட்டார்கள். யாரிடம் போய் அழ?
இறங்கினால் அன்றைய கூலி போகும்,
ஏறினால் முழங்கால் போகும்."
வரைபடத்தை வாங்கித் தன் வீட்டைத் தேடினாள்.
வெள்ளையாக இருந்தது.
"அட, நான் பத்திரமாகத்தான் இருக்கிறேன்!"
உள்ளே யாருக்கோ கேட்கும்படி சொன்னாள்.

அவள் கதவைச் சாத்தியபோது பார்த்தேன்:
நடுவில் பழைய பூட்டின் துளை, மக்கு வைத்து அடைத்தது.
ஒரு சாண் மேலே இன்னொன்று.
அதற்கும் மேலே இப்போதைய பூட்டு.
கீழே, கடப்பாரை கடித்துத் துப்பிய நிலைச்சட்டம்.

அன்று மாலை புள்ளிகளை விட்டுக் கதவுகளை எண்ணினேன்.
49: துளை இரண்டு.
51: துளை நான்கு, நாய் ஒன்று.
53: தகரம் அடித்திருக்கிறது, தெரியவில்லை.
55-இல் கதவே புதிது.
சாயம் இன்னும் விரலில் ஒட்டுகிறது.
ஒரு கீறல் இல்லை.

அதற்கு நேரே என்ன எழுத?
பென்சிலைக் காதில் செருகிக்கொண்டு
அங்கேயே நின்றேன், கொஞ்சம் அதிக நேரம்.
உள்ளே ஒரு தாழ்ப்பாள் விழுந்தது.
பிறகு இன்னொன்று.
மூன்றாவதற்கும் காத்திருந்தேன்,
எனக்காகத்தான் என்று உறைக்கும்வரை.