நடுக்கோடு

வூட்ஜ் நகரில் டிராம் ஓட்டுகிறேன்.
செவ்வாயும் வியாழனும் ஷிப்டு முடிந்ததும்
தொழிற்பள்ளியின் மூன்றாம் மாடியில்
நுண்செயலிக்கு வேலை சொல்லப் படிக்கிறேன்.

எங்கள் பேச்சில்
டிராம் திரும்பும் கடைசி வளையத்துக்கும்
நிரல் தன்னையே சுற்றும் இடத்துக்கும்
ஒரே சொல்: பெண்ட்லா.
முதல் வகுப்பில் அதைக் கேட்டு
நான் ஒருத்திதான் சிரித்தேன்.
மற்றவர்கள் எழுதிக்கொண்டிருந்தார்கள்.

பெட்டி லூடோமிருடையது.
ரொட்டி ஆலையில் இரவு முழுக்க மாவு பிசைகிறவன்,
இசட்-எண்பது சில்லு ஒன்றுக்காக
சைக்கிளை விற்றவன்.
உறைபனி நாளில் சமையலறையில் உட்கார்ந்து
ஈயத்தை உருக்கி ஒவ்வொரு காலாக ஒட்டினான்.
பதினாறு பொத்தான், ஆறு சிவப்பு இலக்கம்,
ஓரத்தில் கடுகளவு ஒரு விளக்கு.

என் முதல் நிரல் ஒன்பதே பைட்.
விளக்கை ஏற்று.
'பி' என்ற அறையில் ஐந்தைப் போடு.
ஒவ்வொன்றாகக் குறை, தீரும்வரை அங்கேயே சுற்று.
விளக்கை அணை. நில்.

ஏன் ஐந்து?
ஓசோர்க்குவ் வளையத்தில்
எனக்கு ஐந்து நிமிஷம் ஓய்வு.
பிளாஸ்க் மூடியில் தேநீர், ஒரு சிகரெட்டில் பாதி.
அந்தக் கணக்குதான்.

சனி இரவு. பொத்தானை அழுத்தினேன்.
விளக்கு எரிந்தது.
எரிந்துகொண்டே இருந்தது.

ஒவ்வொரு முகவரியாகத் திறந்து பார்த்தோம்.
ஒன்று பூஜ்யம், எஃப்-ஈ.
குறை, பூஜ்யம் இல்லையென்றால் இரண்டு படி பின்னால் போ.
தாளிலும் அதுதான், திரையிலும் அதுதான்.
எஃப்-ஈ சில நேரம் எஃப்-சி போலத் தெரிந்தது.
சொன்னேன்.
"உனக்குத் தூக்கம், ஹல்ஷ்கா" என்றான்,
தானே கொட்டாவி விட்டபடி.

சில்லைச் சந்தேகித்தோம். மின்சாரத்தைச் சந்தேகித்தோம்.
புத்தகத்தை அச்சடித்தவனை அவன் திட்டினான்.
சைக்கிளை நினைத்தான் போல, அப்புறம் பேசவில்லை.

பதினொன்று நாற்பதுக்குக் கடைசி டிராம்
ஜன்னலுக்குக் கீழே திரும்பியது.
ஓட்டுவது யாரென்று சத்தத்திலேயே தெரியும்:
வளைவில் பிரேக்கை இறுக்கிப் பிடிக்கும் வாண்டா.
கண்ணாடி அதிர்ந்தது, கரண்டிகள் அதிர்ந்தன, மேசை அதிர்ந்தது.
பூஜ்யத்தின் வயிற்றுக்குள்
குறுக்கே ஒரு சிவப்புக் கோடு
வந்தது, போனது, வந்தது.

பூஜ்யம் இல்லை. எட்டு.

ஒன்று எட்டு, எஃப்-ஈ:
எதையும் குறைக்காதே, யாரையும் கேட்காதே,
இரண்டு படி பின்னால் போ. எப்போதும்.

தப்பு என் கையெழுத்தில்.
என் பூஜ்யத்துக்கு இடுப்பு ஒடுங்கும்.
அதை எட்டென்று படித்து எட்டையே அழுத்தினேன்.
சரியாகப் பற்றாத ஈயப் பொட்டு ஒன்று
நடுக்கோட்டை அணைத்து வைத்து
அதைப் பூஜ்யமென்று சாதித்தது.
அவன் தப்பு என் தப்பை
இரண்டரை மணி நேரம் காப்பாற்றியிருக்கிறது.

யார் முதலில் சிரித்தோம், நினைவில்லை.
பக்கத்து வீட்டுக்காரர் சுவரைத் தட்டினார்.
கோடு மறுபடி மினுங்கியது.

திருத்தினேன். ஒன்று. பூஜ்யம்.
அழுத்தினேன்.

ஒன்றுமே நடக்கவில்லை.

விளக்கு இருட்டாகவே இருந்தது.
லூடோமிர் நெற்றியைக் கையில் தாங்கினான்.
நான் தாளில் பெருக்கிப் பார்த்தேன்:
ஒரு சுற்றுக்குப் பதின்மூன்று துடிப்பு,
நொடிக்கு நாற்பது லட்சம் துடிப்பு.
ஐந்து சுற்று என்பது
கண் அறிவதற்குள் முடிந்துபோன ஐந்து.

எரிந்து அணைந்திருக்கிறது.
ஏற்றச் சொன்னேன், ஏற்றியது.
ஐந்து எண்ணச் சொன்னேன், எண்ணியது.
என் தேநீரைப் பற்றி
நான் எதுவும் சொல்லவில்லையே.

அவன் ஈயக்கம்பியைச் சூடாக்கப் போனான்.
நான் தாளைத் திருப்பிப் போட்டு,
வட்டமாக, வயிறு பெருத்த பூஜ்யங்களாக,
சுற்றுக்கு வெளியே இன்னொரு சுற்றை
எழுத ஆரம்பித்தேன்.