மச்சத்துக்குத் தெற்கே

காலை ஐந்தே முக்காலுக்கு
மதுரையில் காபி குடிக்காமல்
ஏழு பேர்.
ஏழு பேரும் எனக்காக விழித்திருக்கிறார்கள்.
ஆறு பேருக்குக் கோபம்.

ரத்தம் எடுக்க வருகிறவள் நான்.
ஸ்கூட்டியின் முன்னால் ஐஸ் பெட்டி,
ஹேண்டிலில் ரப்பர் பாண்ட் போட்டுக் கட்டிய போன்,
போனுக்குள் ஒரு பெண்.
அவளுக்குத் தெரியாத ஊர் இல்லை,
பந்தடித் தெருக்களைத் தவிர.

"இருநூறு மீட்டரில் இடதுபுறம் திரும்பவும்."
இடதுபுறம் சுவர்.
சுவரில் காயும் வேட்டி.
வேட்டிக்குக் கீழிருந்து என்னைப் பார்க்கும் ஓர் ஆடு.

துக்காராம் சாருக்குப் போன் போட்டேன்.
"கிழக்கால வாங்கம்மா, அப்புறம் வடக்கால."
கிழக்கு எது சார்?
"சூரியன் எங்கம்மா இருக்கு?"
தெரியல சார், ஜவுளிக் கடைக்குப் பின்னாடி இருக்கும்.
அவர் சிரிக்கவில்லை.
வெறும் வயிற்றில் யாரும் சிரிப்பதில்லை.

தேவகோட்டையில் எனக்கு இந்தத் தொல்லை கிடையாது.
வழி கேட்க வேண்டிய இடத்துக்கு
அங்கே நான் போனதே இல்லை.

கணக்கு படிக்கக் கிளம்பியவள்தான்.
ஒரு பட்டியலில் பெயர் வரவில்லை.
ஒரு வருஷம் சும்மா. பிறகு லேப் டிப்ளமோ,
ஒரு கல்யாணம், அது பாதியில்,
அண்ணா நகரில் நாலு பேர் தங்கும் அறையில் ஒரு கட்டில்.
இதற்கும் போன்காரி ஒன்றுதான் சொல்வாள்:
"வழி மறுபடி கணக்கிடப்படுகிறது."
அவள் குரலில் வருத்தமே இருக்காது.
கேட்டுக் கேட்டு
எனக்கும் கொஞ்சம் குறைந்திருக்கிறது.

ஆனால் ஒரு கையைக் கொடுத்தால் நான் தொலைவதில்லை.
பட்டையைக் கட்டி, தட்டிவிட்டு,
கண்ணை மூடிக்கொண்டால் போதும்,
தோலுக்கு அடியில் எந்தச் சந்து எங்கே போகிறதென்று
விரல் சொல்லிவிடும்.
நீலமாகத் தெரியும் நரம்பை நம்பக் கூடாது,
அது போனில் தெரியும் கோடு மாதிரி.
அழுத்தினால் எழுந்து வரவேண்டும்.

ஏழாவது ஆள் நெல்பேட்டையில், மாடியில்.
ஜுலைகா, முப்பத்தெட்டு வயது, பதினொரு கீமோ.
காபியை விட்டே நாலு மாசம்.
எல்லோரும் தேடித் தோற்ற இடங்கள்
இரண்டு கையிலும் கறுத்திருந்தன.
கண்ணை மூடினேன்.
விரலுக்கு எதுவும் தட்டுப்படவில்லை,
ஆற்று மணலில் கைவிட்ட மாதிரி.

அப்போது அவள் சொன்னாள், விட்டத்தைப் பார்த்தபடி,
பஸ் ஸ்டாண்டுக்கு வழி சொல்கிறவள் போல:
"மச்சம் தெரியுதா? அதுக்குத் தெக்கால ரெண்டு விரல்.
அங்க ஒண்ணு இருக்கு. சின்னது.
மெதுவாப் போனா விடும்."

தெற்கா?
"சன்னல் கிழக்கு" என்றாள், அலுப்போடு.

சன்னல் கிழக்கென்றால் கதவு மேற்கு.
முதல்முறையாக ஒரு கையின் மேல்
திசைகளை வைத்துப் பார்த்தேன்.
மச்சம். இரண்டு விரல். தெற்கு.
மெதுவாகப் போனேன்.
விட்டது.

குழாயில் சிவப்பு ஏறும்போது
"நாளைக்குக் கட்டிலத் திருப்பிப் போட்டுட்டா
வடக்குன்னு சொல்லுவேன், குழம்பிராதீங்க" என்று
சிரித்தாள்.
வெறும் வயிற்றில்.

கல்பாலத்தில் ஏறும்போது கீழே வைகை.
மணல், நாணல், ஓரமாக ஒரு மெல்லிய தண்ணீர்.
ஏழு பேரின் ரத்தம் என் முழங்காலுக்கு முன்னால்
சில்லென்று இருந்தது.

கோரிப்பாளையம் சிக்னலில் ஒரு மினி லாரிக்காரர்:
"மாசி வீதிக்கு எப்படிம்மா போறது?"
"எந்த மாசி? கீழயா, மேலயா, வடக்கா, தெற்கா?"
அவர் முழித்தார்.
போன வருஷம் நான் முழித்த அதே முழி.
சீட்டைத் தேடி எடுத்து, "தெற்கு" என்றார்.
என் கை தானாக நீண்டது.

அவர் வண்டியைத் திருப்பிக்கொண்டு போனபிறகுதான்
சூரியன் எங்கே என்று
அண்ணாந்து பார்த்தேன்.