பதினான்கு நாள் இலவசம்

முதல் மென்பொருள்
தமிழை உடைத்தது.
'சோறு' என்று அடித்தால்
கொம்பு ஒருபக்கம், கால் ஒருபக்கம்,
நடுவில் புள்ளிகளால் ஒரு வட்டம்,
ஆள் வராத நாற்காலிபோல.
அழித்தேன், கணக்கையும் சேர்த்து.

இரண்டாவது ஒழுங்காக எழுதும்.
மாதம் ஐம்பத்தைந்து திர்ஹம் கேட்கும்.
"பதினான்கு நாள் சும்மாதானே,
அதற்குள் முடித்துவிட மாட்டாயா?"
என்றார் ஃபவாஸ் சார்.
ரோலாவில் ஆறு பேர் அறையில்
என் மேல்கட்டிலுக்கு அறுநூறு.
அதை அவரிடம் சொல்லவில்லை.

மூன்றாவதில் எல்லாம் தயார்:
இதயம், மணி, கூடை, ஐந்து நட்சத்திரம்,
வட்டத்துக்குள் சிரிக்கும் ஒரு பெண்.
இழுத்துப் போட்டால் அரை மணியில் ஆப்.
யாருக்கு என்றுதான் தெரியவில்லை.
அந்தப் பெண்ணுக்குப் பசித்ததாகவே தெரியவில்லை.
கடைசியில் இரண்டாவதற்கே திரும்பினேன்.

வேலை இவ்வளவுதான்:
ஸஜாவில் எட்டு லேபர் கேம்ப்,
ஒரு மெஸ், மூன்று வேளை.
வேண்டும், வேண்டாம், எத்தனை பேர்.
திரை நான்கு.

பக்கத்து மேசை ஜுமானா
எல்லாவற்றையும் அரபிக்குப் புரட்டிப் போடுகிறவள்.
எனக்குப் பின்னால் போகும் அம்பு
அவளுக்கு முன்னால் போகும்.
என் பொத்தானுக்குள் 'உறுதிப்படுத்தவும்' அடங்காமல்
பஸ் படிக்கட்டில் தொங்குவதுபோல் வெளியே நின்றது.
அவளுக்கு ஐந்தெழுத்தில் முடிந்துவிட்டது.
எழுத்தைச் சிறிதாக்கினேன், பதினொன்று, பத்து.
பிறகு 'சரி' என்று போட்டேன்.
சரிதான்.

வெள்ளிக்கிழமை ஸஜா.
லேப்டாப் எடுத்துப் போகவில்லை.
அந்த வெயிலில் திரை கண்ணாடியாகி
என் முகத்தைத்தான் காட்டும்.
வெள்ளைத்தாள், கத்தரிக்கோல்,
இரண்டு திர்ஹம் பென்சில், அழிப்பான்.
மெஸ் வாசலில் இருளப்பனின் போனை வாங்கி
தாளில் வைத்துச் சுற்றி வரைந்து
அதே அளவில் வெட்டினேன்.
மேல் மூலையில் விரிசல்.
அதையும் வரைந்தேன்.
அங்கே தொட்டால் வேலை செய்யாதாம்.

"தொடுங்க" என்றேன்.
தாளைத் தொட்டார்.
அடுத்த தாளைத் தேடி எடுத்து வைத்தேன்.
"நெட்டு ரொம்ப ஸ்லோ" என்றார்.
வரிசையில் நின்றவர்கள் சிரித்தார்கள்,
சர்வராகிய நானும்.

இடக்கையில் தட்டு.
சிமெண்ட் தின்ற வலக் கட்டைவிரல்
கீழ்ப்பக்கம் மட்டுமே எட்டியது.
நான் கூடையை மேல் மூலையில்,
விரிசலுக்கு நேர் அடியில் வைத்திருந்தேன்.
அழித்துக் கீழே கொண்டுவந்தேன்.
அழிப்பான் தூள் சாம்பாரில் விழுந்தது.
"பரவால்ல" என்று விரலால் ஒதுக்கிவிட்டுச் சாப்பிட்டார்.

நான்காம் திரை, பணம்.
கார்டு, வாலட், இன்னொரு வாலட்.
வெகுநேரம் பார்த்தார்.
"எழுதிக்கோங்கறது எங்க?"
எது?
"ரெண்டு மாசமா சம்பளம் வரல தங்கச்சி.
அபூபக்கர் காக்கா நோட்டுல எழுதிக்கிறாரு.
அது இல்லாம இதுல எப்படிச் சாப்பிடறது?"

பென்சிலை நீட்டினேன்.
இன்னொரு தாளில் அவரே வரைந்தார்.
கோணல் கட்டம், உள்ளே 'எழுதிக்கோ'.
ஐந்தெழுத்து. அடங்கியது.

பதின்மூன்றாம் நாள்.
நான்கு திரைக்கும் தலையாட்டிய ஃபவாஸ் சார்
ஐந்தாவதில் நின்றார்.
"இது கஸ்டமர் கேட்டதா?"
"சாப்பிடுகிறவர் கேட்டது."
"பில் யார் பேருக்குப் போடுகிறோம்?"

அடுக்குகளின் ஓரத்தில் சின்னக் கண் உண்டு.
தட்டினால் மூடும், திரை மறையும்,
கோப்பிலிருந்து போகாது.
தட்டினேன்.

நாளை நள்ளிரவு இலவசம் முடிகிறது.
புது மின்னஞ்சல் திறந்தால்
மறுபடி முதல் நாள்;
ஜுமானாவுக்கு இது நான்காவது முதல் நாள்.
கைப்பையில் அந்தத் தாள்,
மடிப்பில் சாம்பார்.
ஐம்பத்தைந்து திர்ஹம் யார் கட்டுவது என்று
காலையில் சாரிடம் கேட்க வேண்டும்.
"எழுதி வை" என்பார்,
"மாதக் கடைசியில் பார்க்கலாம்."